தமிழ்நாட்டில் இருக்கும் பிள்ளைக்கு முன்ஜாமீன்: திருகோணமலை வீட்டாருக்கு ஒரு வழிகாட்டி

மகன் சென்னையில் படிக்கிறான். அல்லது தம்பி திருச்சியில் ஒருவரோடு கூட்டாகக் கடை போட்டிருக்கிறான். அல்லது 1990இல் படகேறிப் போன மாமி குடும்பம் இன்னும் முகாமில்தான் இருக்கிறது. உவர்மலையிலோ கிண்ணியாவிலோ இருக்கும் வீட்டுக்கு ஒருநாள் அங்கிருந்து அழைப்பு வருகிறது: "என்ர மேல கேஸ் போட்டுட்டாங்கள், பொலிஸ் தேடுதாம்."

அடுத்த அரை மணித்தியாலத்தில் ஆளுக்கொரு ஆலோசனை சொல்வார்கள். "உடனே முன்ஜாமீன் எடுக்கச் சொல்லு" என்பார் ஒருவர். "உடனே பிளேன் ஏறி வரச் சொல்லு" என்பார் இன்னொருவர். இரண்டாவது பெரும்பாலும் கெடுதலில்தான் முடியும். முதலாவது சரியாக இருக்கலாம், தேவையே இல்லாமலும் இருக்கலாம்.

முன்ஜாமீன் (கைதாகும் முன்பே வாங்கி வைக்கும் பிணை) கேட்டு மனுப் போடுவது உண்மையில் சின்ன வேலை. தேர்ந்த வழக்கறிஞர் ஒருவர் ஓரிரு நாளில் அதைத் தயாரித்துவிடுவார். இலங்கைக் கடவுச்சீட்டு வைத்திருப்பவர் மாட்டுப்படுவது உத்தரவு கையில் கிடைத்த பிறகுதான். பிணை நிற்க ஆளில்லை, விசா முடியப்போகிறது, இந்தியாவை விட்டு வெளியேறக் கூடாது என்று உத்தரவே சொல்கிறது. இந்த மூன்றுக்கும் மனுப் போடும் நாளிலேயே வழி தேட வேண்டும்.

முதலில்: என்ன பேப்பர் இருக்கிறது?

"கேஸ் போட்டுட்டாங்கள்" என்பதை அப்படியே நம்பிவிட வேண்டாம். தமிழ்நாட்டில் ஒருவர் காவல் நிலையத்தில் முறைப்பாடு கொடுத்தால் முதலில் பெரும்பாலும் கிடைப்பது சி.எஸ்.ஆர். ரசீது. அது முறைப்பாடு வந்ததற்கான பதிவு மட்டுமே, வழக்கு அல்ல. வழக்கு என்றால் எஃப்.ஐ.ஆர். எனப்படும் முதல் தகவல் அறிக்கை போட்டிருக்க வேண்டும். மூன்று முதல் ஏழு ஆண்டுக்குள் தண்டனை உள்ள குற்றம் என்றால், மேலதிகாரியின் அனுமதியோடு 14 நாளுக்குள் பூர்வாங்க விசாரணை செய்துவிட்டுத்தான் எஃப்.ஐ.ஆர். போடலாம் என்று 2024இல் நடைமுறைக்கு வந்த புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டம் இடம் கொடுக்கிறது. ஆகவே "வந்து போ" என்று கூப்பிட்டார்கள் என்றால் எந்தக் கட்டத்தில் கூப்பிட்டார்கள் என்று பாருங்கள்.

எஃப்.ஐ.ஆர். போட்டிருந்தால் அதன் பிரதியை எடுப்பது கடினமல்ல. பதிவான 24 மணி நேரத்துக்குள் அதை இணையத்தில் ஏற்ற வேண்டும் என்று இந்திய உச்ச நீதிமன்றம் 2016இல் உத்தரவிட்டது. பாலியல் குற்றங்கள் போன்ற உணர்வுபூர்வமான வழக்குகளுக்கு இது பொருந்தாது. தமிழ்நாடு காவல்துறையின் இணையதளத்திலேயே எஃப்.ஐ.ஆரையும் சி.எஸ்.ஆர். நிலையையும் பார்க்க வசதி உண்டு. திருகோணமலையில் இருந்தபடி கைபேசியில் தேடலாம். காவல் நிலையத்தின் பெயர், ஆண்டு, எண் தெரிந்தால் போதும்.

பிரதி கிடைத்ததும் பார்க்க வேண்டியது பிரிவு எண்கள். 2024 ஜூலை 1க்கு முன் நடந்த சம்பவம் என்றால் பழைய இந்திய தண்டனைச் சட்டத்தின் எண்கள் இருக்கும். அதற்குப் பின் நடந்தது என்றால் அதன் இடத்தில் வந்த பாரதிய நியாய சன்ஹிதா என்ற புதிய சட்டத்தின் எண்கள். நம் ஆட்களுக்குச் சினிமாவில் கேட்டுப் பழகிய 420 இப்போது 318(4). குற்றம் ஜாமீனில் விடக்கூடியதா (ஜாமீன் உரிமை), விடக்கூடாததா (ஜாமீன் கொடுப்பது நீதிமன்றத்தின் முடிவு) என்பதுதான் இங்கே கேள்வி. சாதாரண அடிதடிக்கான 115(2) மட்டும் இருக்கிறது என்றால் அது ஜாமீனில் விடக்கூடிய குற்றம். கைது செய்தாலும் ஜாமீன் கேட்பது உரிமை, முன்ஜாமீனுக்கு அங்கே இடமே இல்லை. இதற்கும் மனுப் போடலாம் என்று சொல்லிக் காசு கேட்பவரிடம் இருந்து விலகி நிற்பது நல்லது.

ஜாமீனில் விடக்கூடாத குற்றம் என்பதாலேயே கைது நிச்சயம் என்றும் இல்லை. ஏழு ஆண்டு வரை தண்டனை உள்ள குற்றங்களில் பொலிசார் யந்திரம் போலக் கைது செய்யக் கூடாது, கைதுக்கான காரணத்தை எழுத வேண்டும், தேவையில்லை என்றால் நோட்டீஸ் கொடுத்து விசாரிக்க வேண்டும் என்று 2014இல் அர்னேஷ் குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. முன்பு இதை 41ஏ நோட்டீஸ் என்பார்கள், புதிய நடைமுறைச் சட்டத்தில் அது 35(3). பிள்ளைக்கு அந்த நோட்டீஸ் வந்திருந்தால் அது பயப்படும் செய்தி அல்ல. சொன்ன திகதியில் வழக்கறிஞரோடு போய் நின்று, கேட்டதற்குப் பதில் சொல்லி வந்தால் பொதுவாகக் கைது செய்ய மாட்டார்கள். நோட்டீஸை வாங்காமல் ஒளிவதுதான் கைதைக் கூப்பிட்டு வரும்.

முன்ஜாமீன் என்பது என்ன?

இன்னும் கைதாகாத ஒருவர், "என்னைக் கைது செய்ய நேர்ந்தால் உடனே ஜாமீனில் விட வேண்டும்" என்று முன்கூட்டியே வாங்கி வைக்கும் உத்தரவு அது. வெள்ளைக்காரன் காலத்து 1898ஆம் ஆண்டுச் சட்டத்தில் இது இல்லை. இந்தியச் சட்ட ஆணையம் 1969இல் தந்த 41ஆவது அறிக்கையில் சிபாரிசு செய்தது. 1974 ஏப்ரல் 1இல் நடைமுறைக்கு வந்த குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 438ஆவது பிரிவாக அது இடம்பிடித்தது. 2024 ஜூலை 1 முதல் அதே விஷயம் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா என்ற புதிய நடைமுறைச் சட்டத்தின் 482ஆவது பிரிவில் இருக்கிறது. ஊரில் பழைய ஆட்கள் இன்னும் "நானூற்று முப்பத்தெட்டு" என்றுதான் சொல்வார்கள், குழம்ப வேண்டாம்.

1980இல் குர்பக்ஷ் சிங் சிபியா வழக்கில் ஐந்து நீதிபதிகள் சொன்னதுதான் இன்றும் அடிப்படை. எஃப்.ஐ.ஆர். இல்லாமலே மனுப் போடலாம். ஆனால் "பயமாக இருக்கிறது" என்பது போதாது, கைதாவேன் என்று நம்புவதற்குக் கையில் காட்டக்கூடிய காரணம் வேண்டும். எந்த வழக்கு வந்தாலும் பிடிக்கக் கூடாது என்று மொத்தமாக ஒரு உத்தரவு வாங்கவும் முடியாது.

கதவு மூடியிருக்கும் இடங்கள்

சில வழக்குகளில் முன்ஜாமீனே கிடையாது. 16 வயதுக்குக் குறைந்த பிள்ளை மீதான பாலியல் வன்புணர்வு, 18 வயதுக்குக் குறைந்தவர் மீதான கூட்டு வன்புணர்வு ஆகியவற்றை 482ஆவது பிரிவே விலக்கி வைக்கிறது. பட்டியல் சாதி, பழங்குடியினர் வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் 18ஆவது பிரிவும் தடுக்கிறது. மேலோட்டமாகப் பார்த்தாலே அந்தக் குற்றம் பொருந்தாது என்றால் மட்டும் நீதிமன்றம் தலையிடும்.

நம் ஆட்கள் அதிகம் கவனிக்க வேண்டியது யு.ஏ.பி.ஏ. எனப்படும் சட்டவிரோத நடவடிக்கைகள் தடுப்புச் சட்டம். விடுதலைப் புலிகள் இயக்கத்துக்கு இந்தியாவில் 1992இல் வந்த தடை இன்னும் நீடிக்கிறது. அந்த இயக்கத்தோடு தொடர்பு என்று சொல்லி இந்தச் சட்டத்தில் வழக்குப் போட்டால் 43டி பிரிவின்படி முன்ஜாமீன் கேட்கவே முடியாது. இலங்கையில் இருந்து யாரோ அனுப்பிய பணம், முகநூலில் பகிர்ந்த படம் என்று எதையாவது பொலிசார் கேட்டிருந்தால் அதை முதல் நாளே வழக்கறிஞரிடம் சொல்லிவிட வேண்டும்.

எந்த நீதிமன்றம்?

மாஜிஸ்திரேட்டுக்கு (நம் ஊர் நீதவானைப் போன்றவர்) முன்ஜாமீன் கொடுக்கும் அதிகாரம் இல்லை. அதற்கு மேலுள்ள அமர்வு நீதிமன்றத்திலோ (செஷன்ஸ் கோர்ட்) உயர் நீதிமன்றத்திலோதான் போட வேண்டும். சட்டப்படி இரண்டில் எதற்கும் நேரே போகலாம். நடைமுறையில் அமர்வு நீதிமன்றத்தில் ஒருமுறை கேட்டுவிட்டுப் போவதுதான் பாதுகாப்பு. அங்கே தள்ளுபடியானால் உயர் நீதிமன்றம் மிச்சம் இருக்கும்.

சென்னை நகரத்து வழக்கு என்றால் அங்குள்ள முதன்மை அமர்வு நீதிமன்றம். மற்ற மாவட்டங்களில் மாவட்ட அமர்வு நீதிமன்றம். உயர் நீதிமன்றம் என்றதும் சென்னைக்கு ஓடக் கூடாது. 2004 முதல் மதுரையில் ஒரு கிளை இருக்கிறது. இராமநாதபுரம், மதுரை, திருச்சி, திருநெல்வேலி மாவட்டங்களின் வழக்குகள் அங்கேதான். மண்டபம் முகாமில் இருப்பவருக்கு அந்தப் பகுதியில் வழக்கு என்றால் இராமநாதபுரம், பிறகு மதுரை. சென்னையில் நல்ல வழக்கறிஞரைத் தெரியும் என்பதற்காக வழக்கை அங்கே கொண்டுபோக முடியாது.

பிள்ளை சென்னையில் இருக்க, முறைப்பாடு பெங்களூரில் பதிவானால்? அங்கே போய் மனுப் போடும் வரைக்கும் சில நாள் பாதுகாப்பை இருக்கும் இடத்து நீதிமன்றமே தரலாம் என்று 2023 நவம்பரில் பிரியா இந்தோரியா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

வீட்டில் இருந்து செய்ய வேண்டியவை

வழக்கறிஞருக்கு வக்காலத்துக் (தனக்காக ஆஜராக அதிகாரம் தரும் பத்திரம்) கொடுப்பது பிள்ளைதான், அப்பாவோ அண்ணனோ அல்ல. அவர் இந்தியாவில் இருந்தால் கையெழுத்து ஒரு பிரச்சினையே இல்லை. ஏற்கெனவே ஊருக்கு வந்துவிட்டார் என்றால் யாழ்ப்பாணத்தில் உள்ள இந்தியத் துணைத் தூதரகத்திலோ கொழும்பில் உள்ள இந்திய உயர்ஸ்தானிகராலயத்திலோ கையெழுத்தை அத்தாட்சிப்படுத்த வேண்டி வரும். வெளிநாட்டில் இருந்துகொண்டு முன்ஜாமீன் கேட்கலாமா என்பதில் எல்லா நீதிமன்றமும் ஒரே மாதிரிப் பார்ப்பதில்லை. கேரள உயர் நீதிமன்றம் 2022இல் மனுவை ஏற்றுக்கொண்டு, ஆனால் இறுதி விசாரணைக்கு முன் நாட்டுக்குள் வர வேண்டும் என்ற வழியில் போனது. ஆகவே திரும்பிப் போகும் திகதி ஒன்றை மனுவிலேயே சொல்ல முடிந்தால் நல்லது.

இங்கிருந்து அனுப்ப வேண்டியவற்றை ஸ்கேன் எடுத்து அன்றே அனுப்பிவிடுங்கள். கடவுச்சீட்டின் முதற் பக்கம், விசாப் பக்கம், அங்கே வெளிநாட்டவராகப் பதிந்த பத்திரம் அல்லது முகாம் அட்டை, கல்லூரி அடையாள அட்டை, வாடகை ஒப்பந்தம், நோய் இருந்தால் மருத்துவச் சீட்டு. பணத் தகராறு என்றால் வங்கி ரசீதுகளும் வாட்ஸ்அப் உரையாடலும் முழுமையாக வேண்டும். தனக்குச் சாதகமான இரண்டு வரியை மட்டும் வெட்டி அனுப்பினால் மீதியை எதிர்த்தரப்பு கொண்டுவரும். முன்பு ஒரு மனுப் போட்டுத் தள்ளுபடியாகி இருந்தால் அதை மறைக்கவே கூடாது. முந்தைய மனுக்களின் விவரத்தை ஒவ்வொரு ஜாமீன் மனுவிலும் எழுத வேண்டும்.

பணத்தை வழக்கறிஞரின் வங்கிக் கணக்குக்கே அனுப்பி ரசீது வாங்குங்கள். "அங்க எனக்கு ஆளிருக்கு, இன்ஸ்பெக்டரைக் கண்டு முடிச்சுத் தாறன்" என்று வருபவர் எல்லா ஊரிலும் இருக்கிறார், நம் ஊரிலும் இருக்கிறார். அவருக்குக் கொடுக்கும் காசில் எந்த உத்தரவும் வராது. வழக்கறிஞருக்குக் கொடுக்க உண்மையிலேயே வசதி இல்லை என்றால் அந்த மாவட்டத்தின் சட்டப் பணிகள் ஆணைக்குழுவை அணுகலாம். 1987ஆம் ஆண்டுச் சட்டப்படி பெண்களுக்கும் குறைந்த வருமானம் உள்ளவர்களுக்கும் இலவச வழக்கறிஞர் கிடைப்பார்.

மனுப் போட்ட பிறகு, உத்தரவு வரும் முன்

மனு நிலுவையில் இருப்பது ஒரு பாதுகாப்பு அல்ல. இடைக்கால உத்தரவு கிடைக்காத வரை பொலிசார் கைது செய்யலாம். அரசுத் தரப்பு வழக்கறிஞர் காவல் நிலையத்திடம் விவரம் கேட்டு வருவதற்குச் சில நாள் போகும், அதுவரை பொறுக்கத்தான் வேண்டும்.

இந்த நாட்களில் செய்யக் கூடாதவை இரண்டு. ஒன்று, கைபேசியை அணைத்துவிட்டு மறைவது. தேடப்படும் குற்றவாளியாக நீதிமன்றம் அறிவித்துவிட்டால் அப்படிப்பட்டவருக்கு வழக்கமாக முன்ஜாமீன் இல்லை என்று 2012இலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. மற்றது, விமானம் ஏற முயல்வது. லுக் அவுட் நோட்டீஸ் (நாட்டை விட்டுப் போக விடாதே என்று விமான நிலையங்களுக்குக் கொடுக்கும் அறிவிப்பு) போட்டிருந்தால் குடியகல்வுக் கவுண்டரிலேயே நிறுத்துவார்கள். பிறகு "தப்பி ஓடப் பார்த்தார்" என்ற ஒரு வரி வழக்கு முழுக்கக் கூடவே வரும்.

உத்தரவு வந்துவிட்டது, இனித்தான் வேலை

சென்னை உயர் நீதிமன்றத்தின் முன்ஜாமீன் உத்தரவுகளில் அடிக்கடி வரும் வாசகம் இப்படி இருக்கும். உத்தரவின் பிரதி கிடைத்து 15 நாளுக்குள் குறித்த மாஜிஸ்திரேட் முன் ஆஜராக வேண்டும், இன்ன தொகைக்குப் பிணைப்பத்திரமும் அதே தொகைக்கு இரண்டு ஜாமீன்தாரரும் கொடுக்க வேண்டும், இத்தனை வாரத்துக்குக் காலை 10.30 மணிக்குக் காவல் நிலையத்தில் கையெழுத்துப் போட வேண்டும். 15 நாள் தவறினால் மனு தானாகவே தள்ளுபடியாகும் என்றும் அதிலேயே எழுதியிருக்கும். பலர் உத்தரவு வந்த சந்தோஷத்தில் இந்தக் கடைசி வரியைப் படிப்பதில்லை.

ஜாமீன்தாரர்தான் நம் ஆட்களுக்குப் பெரிய இடி. புகைப்படம், இடது பெருவிரல் ரேகை, ஆதார் அல்லது வங்கிப் புத்தகப் பிரதி என்று கேட்பார்கள். திருகோணமலையில் உள்ள அப்பாவின் காணி உறுதி அங்கே செல்லாது. ஆகவே மனுப் போடும் நாளிலேயே யோசிக்க வேண்டியது, இந்தியப் பிரஜையாக இருக்கும் இரண்டு பேர் யார் என்பது. வீட்டுக்காரர், வேலை கொடுத்தவர், இந்தியாவில் கலியாணம் முடித்த உறவினர், கூடப் படிக்கும் பிள்ளையின் தகப்பன் என்று ஒரு பட்டியல் எழுதி, ஒவ்வொருவரிடமும் நேரே பேசிச் சம்மதம் வாங்கி வையுங்கள். இரண்டு பேர் வேண்டும் என்றால் நால்வரைக் கேட்டு வைப்பது புத்தி, ஏனென்றால் நீதிமன்றத்துக்கு வரும் அன்று ஒருவருக்குக் காய்ச்சல் வரும். உள்ளூர் ஜாமீன்தாரர் வேண்டும் என்று வற்புறுத்துவதால் விடுதலை தாமதமாகிறது, அந்த நிபந்தனையைப் போடாமல் விடலாம் என்று உச்ச நீதிமன்றம் 2023 ஜனவரியில் கூறியிருக்கிறது. அதைக் காட்டி நிபந்தனையைத் தளர்த்தக் கேட்கவோ, ஆளுக்குப் பதில் பணம் கட்ட அனுமதி கேட்கவோ வழக்கறிஞரிடம் சொல்லுங்கள்.

அடுத்தது விசா. நீதிமன்ற அனுமதி இல்லாமல் இந்தியாவை விட்டுப் போகக் கூடாது என்ற நிபந்தனையை 482ஆவது பிரிவே குறிப்பிடுகிறது. மாணவர் விசா அடுத்த மாதம் முடிகிறது என்றால் என்ன ஆகும்? போகவும் முடியாது, தங்கவும் முடியாது. விசா தாண்டித் தங்குவது தனிக் குற்றம். அதை முன்ஜாமீன் காப்பாற்றாது. ஆகவே உத்தரவின் பிரதியோடு உடனே வெளிநாட்டவர் பதிவு அலுவலகத்துக்கு விசா நீடிப்புக்கு விண்ணப்பிக்க வேண்டும். விண்ணப்பித்த ரசீதைப் பத்திரமாக வைத்திருக்க வேண்டும். அம்மாவுக்குச் சுகமில்லை, தங்கையின் கலியாணம் என்று ஊருக்கு வர வேண்டி இருந்தால், திகதி குறித்து, திரும்பும் டிக்கெட்டோடு அனுமதி மனுப் போடலாம். அப்படி அனுமதி கிடைப்பது உண்டு.

வெளிநாட்டவர் என்பதால் சில நீதிமன்றங்கள் கூடுதல் நிபந்தனை போடுவதுண்டு. அவர் நாட்டை விட்டுப் போக மாட்டார் என்று தூதரகத்திடம் உறுதிக் கடிதம் வாங்கி வா என்பார்கள். தூதரகம் அப்படி எழுதித் தராமல் போகலாம், அது பிள்ளையின் கையில் இல்லை. நியாயமான காலத்துக்குள் தூதரகம் கடிதம் தராவிட்டால் அதைக் காரணம் காட்டி ஜாமீனை மறுக்க முடியாது, அந்த நிபந்தனையை நீக்க வேண்டும் என்றும், இருக்கும் இடத்தைக் கூகுள் வரைபடத்தில் எப்போதும் காட்டிக்கொண்டிரு என்ற நிபந்தனை செல்லாது என்றும் 2024 ஜூலையில் ஃபிராங்க் வைட்டஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. அந்தப் பெயரை வழக்கறிஞருக்கு நினைவூட்டினால் போதும்.

இதோடு வெளிநாட்டவரை அடைத்து வைக்கும் சிறப்பு முகாம் என்று ஒன்று தமிழ்நாட்டில் இருக்கிறது. திருச்சியில் உள்ளதைப் பற்றிக் கேள்விப்பட்டிருப்பீர்கள். ஜாமீனில் வெளியே வந்த வெளிநாட்டவரையும் அரசு நிர்வாக உத்தரவு போட்டு அங்கே வைக்கலாம், அது ஜாமீனுக்கு வெளியே உள்ள தனி அதிகாரம். விசாவும் பதிவும் ஒழுங்காக இருப்பதுதான் அதற்கு எதிரான முதல் பாதுகாப்பு.

சரி, நிபந்தனை எல்லாம் முடித்தாயிற்று. இந்த முன்ஜாமீன் எவ்வளவு காலம்? குற்றப்பத்திரிகை தாக்கல் ஆனதும் முடிந்துவிடும் என்று சிலர் பயமுறுத்துவார்கள். அப்படி இல்லை. பொதுவாக அது வழக்கு முடியும் வரை நிற்கும் என்று சுசீலா அகர்வால் வழக்கில் ஐந்து நீதிபதிகள் 2020 ஜனவரியில் தீர்த்துவிட்டார்கள். நீதிமன்றம் தானாகக் காலவரை போட்டிருந்தால் மட்டும்தான் வேறு.

கிடைக்காவிட்டால்

அமர்வு நீதிமன்றம் மறுத்தால் உயர் நீதிமன்றம், அங்கும் மறுத்தால் உச்ச நீதிமன்றம். எல்லோரும் டெல்லி வரை போக வேண்டியதில்லை. உயர் நீதிமன்றமும் மறுத்த பிறகு வழக்கறிஞரோடு போய்ச் சரணடைந்து வழக்கமான ஜாமீன் கேட்பது பல நேரம் செலவு குறைந்த வழி. கைது நடந்தால் 24 மணி நேரத்துக்குள் மாஜிஸ்திரேட் முன் நிறுத்த வேண்டும். குற்றத்தின் பாரத்தைப் பொறுத்து 60 அல்லது 90 நாளுக்குள் குற்றப்பத்திரிகை வராவிட்டால் ஜாமீன் உரிமையாகவே கிடைக்கும்.

கைதான வெளிநாட்டவர் கேட்டால் அவருடைய நாட்டுத் தூதரகத்துக்குத் தகவல் கொடுக்க வேண்டும் என்று 1963ஆம் ஆண்டு வியன்னா ஒப்பந்தம் சொல்கிறது. சென்னையில் இலங்கைத் துணை உயர்ஸ்தானிகராலயம் இருக்கிறது. அகதியாகப் பதிந்தவர் அங்கே தகவல் போவதை விரும்பாமல் இருக்கலாம். அது அவர் முடிவு செய்ய வேண்டியது, வீட்டார் முந்திக்கொண்டு அறிவிக்க வேண்டாம்.

முறைப்பாடு இங்கேயே என்றால்

இலங்கையிலும் இது உண்டு. 1997ஆம் ஆண்டின் 30ஆம் இலக்கப் பிணைச் சட்டம் 21ஆவது பிரிவில் முன்பிணை என்று தந்திருக்கிறது. இங்கே அதை நீதவான் நீதிமன்றத்தில்தான் கேட்க வேண்டும். குற்றம் நடந்ததாகச் சொல்லும் இடத்துக்கு அதிகாரமுள்ள நீதவானிடம், அந்தப் பகுதிப் பொலிஸ் பொறுப்பதிகாரிக்கு அறிவித்தல் கொடுத்து, கைதாகக் கூடும் என்று நம்பும் காரணத்தைச் சத்தியக் கடதாசியில் எழுதி மனுச் செய்வது முறை. மூதூர்ப் பக்கத்துச் சம்பவத்துக்குத் திருகோணமலை நகரத்து நீதவானிடம் போய் நிற்கக் கூடாது. பயங்கரவாதத் தடைச் சட்டத்தின் கீழ் சந்தேகநபராக இருப்பவருக்கு இந்தப் பிணைச் சட்டமே பொருந்தாது. தனியாகப் பிணை விதி வைத்திருக்கும் வேறு சட்டங்களுக்கும் அப்படித்தான்.

சென்னையில் வாங்கிய முன்ஜாமீன் இங்கே செல்லாது, இங்கே வாங்கியது அங்கே செல்லாது. கூட்டு வியாபாரத் தகராறில் பங்காளி இரண்டு கரையிலும் முறைப்பாடு கொடுத்திருந்தால் அங்கே ஒரு வழக்கறிஞர், இங்கே ஒரு சட்டத்தரணி என்று இருவர் வேண்டும். அந்த இருவரும் ஒருவரோடொருவர் பேசிக்கொள்ள வேண்டும். ஒரு கரையில் சத்தியக் கடதாசியில் எழுதியதை மறுகரையில் எதிர்த்தரப்பு தேடி எடுத்து வாசிக்கும்.